துணை நடிகர் தந்த பாடம்: தகாஷி ஷிமுராவின் திரைப்பயணம்



ஜப்பானியத் திரைப்படம் என்றதும் நம்மில் பலருக்கு வாளேந்திய சாமுராய் நினைவுக்கு வருவார். இல்லையேல் நகரத்தை மிதித்து நொறுக்கும் கோட்ஸில்லா நினைவுக்கு வரும். சற்று ஆர்வம் உள்ளவர்கள் இயக்குநர் அகிரா குரோசாவாவின் பெயரைச் சொல்வார்கள். அவருடைய படங்களில் புலியாய்ப் பாய்ந்து நடித்த தோஷிரோ மிபுனேயின் பெயரையும் சொல்வார்கள். ஆனால் குரோசாவா இயக்கிய 30 படங்களில் மிபுனே நடித்தவை 16 மட்டுமே. 21 படங்களில் நடித்தவர் வேறொருவர். முதல் கோட்ஸில்லா படத்திலும் அவர் இருக்கிறார். அவர்தான் தகாஷி ஷிமுரா.

இவரைப் பற்றி ஆண்டிதழில் எழுதப் போகிறேன் என்றதும் இதழ்க்குழுவில் எழுந்த முதல் கேள்வி, "இவர் கதாநாயகனா?" என்பதுதான். "பெரும்பாலும் இல்லை" என்றேன். "அப்படியென்றால் எதற்கு?" என்று அடுத்த கேள்வி வந்தது. அந்தக் கேள்விக்கு அன்று என்னால் சரியாகப் பதில் சொல்ல முடியவில்லை. இக்கட்டுரைதான் என் பதில்.

பள்ளி இதழில் கவிதை எழுதிய மாணவர்

ஷிமுரா 1905ஆம் ஆண்டு மார்ச் 12ஆம் நாள், ஹியோகோ மாநிலத்தின் இகுனோ என்னும் சுரங்க ஊரில் பிறந்தார். இயற்பெயர் ஷோஜி ஷிமாசாகி. சாமுராய் மரபில் வந்த குடும்பம் என்றாலும், அவர் பிறந்தபோது சாமுராய்களின் காலம் முடிந்துவிட்டிருந்தது. தந்தை சம்பளத்துக்கு வேலை பார்த்தவர். சிறு வயதில் காசநோய் கண்டதால் ஷிமுராவின் படிப்பு தடைப்பட்டது. பின்னர்த் தந்தைக்கு மாற்றல் வரவே, கியூஷு தீவில் உள்ள நொபேயோகா நகரப் பள்ளியில் படிப்பைத் தொடர்ந்தார். அங்கே பள்ளியின் இலக்கிய இதழில் கவிதைகள் எழுதினார் என்பது நம்மைப் போன்றவர்களுக்கு மகிழ்ச்சி தரும் செய்தி.

1923ஆம் ஆண்டு அவர் ஒசாகாவிலுள்ள கன்சாய் பல்கலைக்கழகத்தில் சேர்ந்தார். தந்தை பணி ஓய்வு பெற்றதும் குடும்பத்தால் கல்விக் கட்டணம் கட்ட முடியவில்லை. ஷிமுரா மாலை நேர வகுப்புக்கு மாறி ஆங்கில இலக்கியம் பயின்றார். பகலில் ஒசாகா மாநகராட்சியின் குடிநீர்த் துறையில் வேலை பார்த்தார். பகுதி நேர வேலை பார்த்துக்கொண்டே படிக்கும் நம் நண்பர்கள் பலருக்கு இந்தக் கால அட்டவணை புதிதல்ல.

பல்கலைக்கழக நாடகக் கழகம் அவர் வாழ்க்கையைத் திருப்பிவிட்டது. 1928இல் விரிவுரையாளர் ஒருவரை இயக்குநராகக் கொண்டு, 'ஷிச்சிகட்சுஸா' என்ற நாடகக் குழுவைத் தொடங்கினார். தமிழில் 'ஜூலை நாடகக் குழு' எனலாம். ஒத்திகை கூடக் கூட வேலைக்குப் போகும் நாள் குறைந்தது. முடிவில் வேலை போனது. பிறகு பல்கலைக்கழகத்தையும் விட்டார். ஊர் ஊராகப் போய் நாடகம் போட்ட குழுவோ பணமின்றிக் கலைந்தது. 23, 24 வயதில் அவர் கையில் பட்டமும் இல்லை, வேலையும் இல்லை, குழுவும் இல்லை.

இந்த இடத்தில், "அவர் மனம் தளரவில்லை, மறுநாளே வெற்றி பெற்றார்" என்று எழுதத்தான் நமக்குப் பழக்கம். நடந்தது அதுவன்று. வானொலி நாடகங்களில் குரல் கொடுத்தார். தொழில்முறை நாடகக் குழுக்களில் சேர்ந்து சீனா வரை சுற்றினார். பேசும் படங்கள் வரத் தொடங்கியதும், வசனம் பேசத் தெரிந்த மேடை நடிகர்களுக்கு அங்கே இடம் கிடைக்கும் என்று கணித்துக் கியோத்தோ படப்பிடிப்பு நிலையம் ஒன்றில் சேர்ந்தார். முதல் படம் 1934இல் வந்தது. அது பேசாப் படம்! 1936இல் கென்ஜி மிசோகுச்சியின் 'ஒசாகா இரங்கற்பா' படத்தில் துப்பறியும் அதிகாரியாகச் சிறிய வேடம் ஏற்றார். 1939இல் 'பாடும் காதற்பறவைகள்' என்ற இசைப்படத்தில் பழம்பொருள் பைத்தியம் பிடித்த தந்தையாக வந்து உற்சாகமாகப் பாடினார். அவர் பாடுவார் என்பதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் தேவைப்படும்.

காவலும் போரும்

என் பாட்டிக்கு 'சப்பான்காரன்' என்ற சொல்லே பிடிக்காது. அவர் கைக்குழந்தையாக இருந்தபோது, அவருடைய அப்பா சயாம் இரயில் பாதை போடக் கொண்டுபோகப்பட்டவர். திரும்பி வரவில்லை. 1942, 1943ஆம் ஆண்டுகளில் மலாயாத் தோட்டங்களிலிருந்து போன பல்லாயிரக்கணக்கான தமிழர்களின் கதை இது. இதை எழுதாமல் ஒரு ஜப்பானிய நடிகரைப் பாராட்டி எழுத எனக்கு மனம் வரவில்லை. பாட்டி கேட்டால் பதில் சொல்லியாக வேண்டும்.

அந்தப் போர்க்கால அரசு தன் சொந்த மக்களையும் விட்டுவைக்கவில்லை. இடதுசாரி நாடகக் குழுக்களோடு முன்பு தொடர்பு வைத்திருந்தார் என்பதற்காக, 'தொக்கோ' எனப்பட்ட சிறப்புக் காவல்துறை ஷிமுராவைப் பிடித்துச் சில வாரங்கள் காவலில் வைத்தது. மனைவி மசாக்கோவும் சக நடிகர் ஒருவரும் பொறுப்பேற்ற பிறகே அவர் விடுவிக்கப்பட்டார்.

ஆனால் அவரை வீரத் தியாகியாகக் காட்டுவதும் உண்மைக்குப் புறம்பானது. 1944இல் குரோசாவா எடுத்த 'மிக அழகானது' என்ற படம் போர்த் தளவாடத் தொழிற்சாலையில் உழைக்கும் பெண்களைப் போற்றும் பரப்புரைப் படம். அதில் ஷிமுரா தொழிற்சாலை அதிகாரியாக நடித்தார். போர் முடிந்து 1946இல் வந்த 'எம் இளமைக்கு வருத்தமில்லை' படத்தில், கதாநாயகியை விசாரித்து வதைக்கும் காவல் அதிகாரியாக நடித்தார். விசாரணை மேசைக்கு இந்தப் பக்கம் உட்கார்ந்த மனிதர், அந்தப் பக்கம் உட்கார்ந்து நடித்தார். அச்சுறுத்தும் அந்த அமைதியைப் பார்க்கும்போது, அவர் எங்கிருந்து அதைக் கற்றிருப்பார் என்று எண்ணாமல் இருக்க முடியவில்லை.

மற்றவரைத் தாங்கும் நடிப்பு

குரோசாவாவின் முதல் படமான 'சன்ஷிரோ சுகாதா' 1943இல் வெளிவந்தது. அதில் இளம் ஜூடோ வீரனிடம் தோற்கும் முதிய ஜுஜுட்சு ஆசானாக ஷிமுரா நடித்தார். அப்போது அவருக்கு வயது 38தான். தோற்ற பின்பு வென்றவனை வெறுக்காமல் அன்போடு பார்க்கும் பாத்திரம் அது. அவருடைய திரைவாழ்க்கை முழுமைக்கும் அதுவே முன்னோட்டம் என்றால் மிகையாகாது.

1947இல் வந்த 'வெள்ளிச் சிகரத்தின் எல்லை' படத்தில் முரட்டு இளைஞர் ஒருவர் அறிமுகமானார். அவர்தான் மிபுனே. பனிமலைக்குள் தப்பி ஓடும் கொள்ளையர்களாக இருவரும் நடித்தனர். அடுத்த ஆண்டு குரோசாவாவின் 'குடிகாரத் தேவதை' வந்தது. காசநோய் பிடித்த இளம் ரவுடி மிபுனே. சாக்கடைக் குட்டை ஓரத்தில் மருத்துவமனை வைத்திருக்கும் குடிகார டாக்டர் ஷிமுரா. படத்தின் தலைப்பு டாக்டரைத்தான் குறிக்கிறது. ஆனால் படம் பார்த்தவர்கள் மிபுனேயைப் பற்றித்தான் பேசினார்கள்.

இங்கேதான் ஷிமுராவின் திறமையை நாம் பாடமாகப் படிக்க வேண்டும். மிபுனே கத்துகிறார், தள்ளுகிறார், நாற்காலியை எட்டி உதைக்கிறார். எதிரே இருப்பவரும் அதே அளவு கத்தியிருந்தால் காட்சி வெறும் இரைச்சலாகியிருக்கும். பயந்து ஒதுங்கியிருந்தால் காட்சி ஒருபக்கம் சாய்ந்திருக்கும். ஷிமுரா திட்டுகிறார், கையில் கிடைத்ததை வீசுகிறார். ஆனால் அந்தக் கோபத்துக்குள் நோயாளி பிழைக்க வேண்டுமே என்ற தவிப்பு இருக்கிறது. அந்தத் தவிப்பால்தான், ரவுடி சாகும்போது நாமும் வருந்துகிறோம்.

1949இல் 'தெருநாய்' படத்திலும் இதே இணை. கைத்துப்பாக்கியைப் பறிகொடுத்துப் பதறும் இளம் துப்பறிவாளர் மிபுனே. அனுபவம் மிக்க மூத்தவர் ஷிமுரா. அவர் இளையவரைத் தம் வீட்டுக்கு அழைத்துப்போய், தூங்கும் பிள்ளைகளைக் காட்டும் சிறு காட்சி ஒன்று உண்டு. அதில் அவர் நடிப்பதாகவே தெரியாது. நம் மூத்த அண்ணன் ஒருவர் வீட்டுக்குச் சாப்பிடப் போனது போல இருக்கும்.

1951இல் வெனிஸ் விழாவில் தங்கச் சிங்க விருது பெற்று ஜப்பானியப் படங்களை உலகம் திரும்பிப் பார்க்க வைத்தது 'ராஷோமோன்' (1950). ஒரு கொலையைப் பற்றி ஆளுக்கொரு கதை சொல்கிறார்கள். ஷிமுரா அதில் விறகுவெட்டி. அவரும் முழு உண்மையைச் சொல்லவில்லை என்பது பின்னர்த் தெரிய வருகிறது. மனிதர் மீது நம்பிக்கை அற்றுப்போன நேரத்தில், கைவிடப்பட்ட குழந்தையைத் தம் ஆறு பிள்ளைகளோடு ஏழாவதாக வளர்க்கிறேன் என்று அவர் வாங்கிச் செல்கிறார். பொய் சொன்னவர் கையில் குழந்தையைக் கொடுக்கலாமா? அந்த முகத்தைப் பார்த்துத்தான் நாம் சரி என்கிறோம். படத்தின் முடிவு முழுவதும் அந்த முகத்தை நம்பி நிற்கிறது.

'இகிரு': குடிநீர்த் துறைக்குத் திரும்பியவர்

இனி என்னை இக்கட்டுரை எழுத வைத்த படத்துக்கு வருவோம். 1952இல் வந்த 'இகிரு'. வாழ்தல் என்று பொருள். இதில் ஷிமுராதான் முதன்மை நடிகர்.

வத்தானாபே என்ற மாநகராட்சிப் பிரிவுத் தலைவர், 30 ஆண்டுகளாக ஒருநாள்கூட விடுப்பு எடுக்காதவர். முத்திரை குத்துவதே அவர் வேலை. தங்கள் பகுதியிலுள்ள சாக்கடைக் குட்டையை மூடிப் பிள்ளைகளுக்கு விளையாட்டு மைதானம் கட்டித்தரக் கேட்டுத் தாய்மார்கள் வருகிறார்கள். ஒரு பிரிவு இன்னொரு பிரிவுக்கு அனுப்ப, சுற்றிச் சுற்றித் தொடங்கிய இடத்துக்கே வந்து சேர்கிறார்கள். இந்த வேளையில் வத்தானாபேவுக்கு வயிற்றுப் புற்றுநோய் என்று தெரிகிறது. சில மாதங்களே மிச்சம்.

என் அப்பாவும் ஒரு நகராண்மைக் கழகத்தில் முகப்பிடத்தில் பணியாற்றுபவர். பாரங்களைச் சரிபார்த்து முத்திரை குத்துபவர். விடுதி அறையில் மடிக்கணினியில் இப்படத்தைப் பார்த்த இரவு, எனக்குத் தூக்கம் வரவில்லை. இறுதியாண்டில் இருக்கும் என்னை அரசாங்க வேலைக்கு மனு போடச் சொல்லி அப்பா நினைவூட்டிக்கொண்டே இருக்கிறார். எனக்கோ எழுத்தும் மேடையும்தான் ஆசை. அப்படிப்பட்ட நேரத்தில்தான், ஒசாகா குடிநீர்த் துறையில் வேலையிழந்த ஓர் இளைஞர், ஏறத்தாழ 24 ஆண்டுகளுக்குப் பிறகு ஒரு மாநகராட்சி ஊழியராகவே நடித்தார் என்பதை அறிந்தேன். தாம் விட்டுவந்த வாழ்க்கையை அவர் நடித்துக் காட்டினார். அதில் ஏளனம் துளியும் இல்லை.

நோயை அறிந்த வத்தானாபே முதலில் பணத்தை எடுத்துக்கொண்டு இரவு விடுதிகளில் திரிகிறார். அங்கே ஒரு பழைய காதல் பாட்டைப் பாடச் சொல்லிப் பாடுகிறார். 1939இல் உற்சாகமாகப் பாடிய அதே ஷிமுரா, இங்கே உதடு அசைவது தெரியாமல், கண்ணைக் கொட்டாமல், கிணற்றுக்குள்ளிருந்து வருவது போன்ற குரலில் பாடுகிறார். சுற்றி ஆடிக்கொண்டிருந்தவர்கள் விலகி நிற்கிறார்கள். நன்றாகப் பாடத் தெரிந்தவர் அந்தத் திறமையை ஒளித்துவைத்துப் பாடுவதுதான் நடிப்பு.

பிறகு, வேலையை விட்டுப் பொம்மைத் தொழிற்சாலைக்குப் போய்விட்ட முன்னாள் ஊழியப் பெண் ஒருத்தியிடம் பேசும்போது அவருக்கு வழி தெரிகிறது. அந்த மைதானத்தைக் கட்டி முடிப்பது! கவனியுங்கள், அவர் வேலையை விடவில்லை. அதே நாற்காலிக்குத்தான் திரும்புகிறார். அதே முத்திரை, அதே மனு. மேலதிகாரிகளின் அறை வாசலில் குனிந்து நின்று, அவமானப்பட்டு, மிரட்டலையும் தாங்கி, மைதானத்தைக் கட்டுகிறார்.

குரோசாவா இதை நேராகக் காட்டவில்லை. படத்தின் நடுவிலேயே வத்தானாபே இறந்துவிட்டார் என்று அறிவிக்கப்படுகிறது. மிச்சக் கதை அவருடைய இழவு வீட்டில், மது அருந்தும் சக ஊழியர்களின் பேச்சில் விரிகிறது. பெருமையைத் துணை மேயர் ஏற்கெனவே எடுத்துக்கொண்டுவிட்டார். அப்போது ஒரு காவலர் வந்து, பனி கொட்டிய இரவில் வத்தானாபே அந்த மைதானத்து ஊஞ்சலில் ஆடிக்கொண்டு அதே பாட்டைப் பாடியதைச் சொல்கிறார்.

பலர் படம் இந்த ஊஞ்சலோடு முடிகிறது என்று நினைவில் வைத்திருக்கிறார்கள். முடியவில்லை. போதையில் இருக்கும் ஊழியர்கள் எழுந்து, "இனி நாமும் அவரைப் போல உழைப்போம்" என்று சபதம் செய்கிறார்கள். மறுநாள் அலுவலகம். புதிய பிரிவுத் தலைவர் முன் ஒரு மனு வருகிறது. வழக்கம்போல் வேறு பிரிவுக்கு அனுப்பச் சொல்கிறார். ஓர் ஊழியர் மட்டும் கோபமாக எழுந்து நிற்கிறார். யாரும் அவர் பக்கம் நிற்கவில்லை. மெல்ல உட்கார்ந்து, கோப்புக் குவியலுக்குப் பின்னால் மறைந்துபோகிறார்.

என்னை உறுத்துவது இந்தக் காட்சிதான். ஆண்டுதோறும் நம் கழகத்தின் ஆண்டுக்கூட்டத்தில் எத்தனை தீர்மானங்கள் போடுகிறோம்! தமிழ்ப்பள்ளி மாணவர்களுக்கு வாசிப்புப் பட்டறை, கிளை நூலகம், நாடக விழா. கைதட்டலோடு நிறைவேறிய எத்தனை தீர்மானங்கள் மறுவாரமே கோப்புக்குள் போய்விட்டன? நானும் செயலவையில் இருந்தவன்தான். நானும் எழுந்து நின்று, பின் உட்கார்ந்தவன்தான்.

1954: ஓராண்டில் இரு சிகரங்கள்

1954ஆம் ஆண்டு ஏப்ரலில் 'ஏழு சாமுராய்கள்' வெளிவந்தது. கொள்ளையரிடமிருந்து கிராமத்தைக் காக்கும் எழுவரின் தலைவர் கம்பெய்யாக ஷிமுரா நடித்தார். அவரை நாம் முதலில் காண்பது தலையை மழித்துக்கொள்ளும் காட்சியில். சாமுராய்க்குக் குடுமிதான் பெருமை. பிள்ளையைப் பிணை பிடித்திருக்கும் திருடனை ஏமாற்றித் துறவி வேடத்தில் அணுகுவதற்காக அந்தக் குடுமியை ஆற்றங்கரையில் எடுத்துவிடுகிறார். பிறகு படம் முழுவதும், யோசிக்கும்போதெல்லாம் அந்த மொட்டைத் தலையைத் தடவிக்கொள்வார். அந்தச் சிறு செய்கை ஒரு தலைவனை நம் வீட்டு மனிதராக்கிவிடுகிறது. முடிவில் நான்கு தோழர்களின் புதைமேட்டைப் பார்த்தபடி, வென்றது உழவர்களே, நாம் அல்ல என்று சொல்வார். குரலில் கசப்பு இல்லை, களைப்பு மட்டுமே.

அதே ஆண்டு நவம்பரில் 'கோட்ஸில்லா'. அந்த மார்ச்சில்தான் பிக்கினித் தீவில் அமெரிக்கா நடத்திய அணுகுண்டுச் சோதனையின் கதிரியக்கச் சாம்பல் ஒரு ஜப்பானிய மீன்பிடிக் கப்பலின் மீது விழுந்திருந்தது. ஷிமுரா தொல்லுயிர் ஆய்வாளர் டாக்டர் யாமானே. விலங்கைக் கொல்ல எல்லாரும் துடிக்க, அது எப்படி உயிர்பிழைத்தது என்று ஆராய வேண்டும் என்று வருந்தும் ஒரே மனிதர் அவர். ரப்பர் உடை அணிந்த விலங்கை நாம் நம்புவதற்குக் காரணம், அதைப் பார்த்து உண்மையாகவே கலங்கும் அவருடைய கண்கள்.

சிறிதாகிய வேடங்கள்

அடுத்த ஆண்டே காற்று திசை மாறியது. 1955இல் குரோசாவா எடுத்த 'அச்சத்தில் வாழ்கிறேன்' படத்தில், அணுகுண்டுக்கு அஞ்சும் முதியவர்தான் முதன்மைப் பாத்திரம். அவ்வேடம் 50 வயது ஷிமுராவுக்குப் போகவில்லை. 35 வயது மிபுனேவுக்கு ஒப்பனை போட்டுக் கொடுத்தார்கள். ஷிமுராவுக்குக் கிடைத்தது, குடும்ப வழக்கில் நடுவராக அமரும் பல் மருத்துவர் வேடம். படத்தின் மனச்சாட்சியாக அதை அவர் நடித்தார்.

அதன்பின் பெரும்பாலும் சிறிய வேடங்களே. ஒன்றில் ஊழல் அதிகாரி, ஒன்றில் மதுபான வணிகர், ஒன்றில் காவல்துறை மேலதிகாரி. 1969இல் தொடங்கிய 'தோரா-சான்' நகைச்சுவை வரிசையின் முதல் படத்தில், மகனோடு எட்டு ஆண்டுகள் பேசாமல் இருந்துவிட்டு, அவன் திருமணத்துக்கு மட்டும் வரும் பேராசிரியராக வருவார். விருந்தில் எழுந்து நின்று, பேச்சு வராமல் திணறித் திணறி மன்னிப்புக் கேட்பார். சில நிமிடங்கள்தான். சிரிக்க வந்த அரங்கம் அழுதிருக்கும்.

200க்கும் மேற்பட்ட படங்களில் நடித்தார். 1974இல் ஜப்பானிய அரசின் ஊதா நாடாப் பதக்கமும், 1980இல் உதயசூரிய விருதும் பெற்றார். குரோசாவாவுடன் அவர் கடைசியாக நடித்த படம் 'காகெமுஷா' (1980). 1965க்குப் பிறகு 15 ஆண்டுகள் கழித்து அவருக்கென்றே குரோசாவா ஒரு சிறு வேடம் எழுதினார். ஆனால் வெளிநாடுகளுக்கு அனுப்பிய பிரதியில் அக்காட்சிகள் வெட்டப்பட்டன. பிற்காலக் குறுந்தட்டில்தான் அவை திரும்ப வந்தன. 1982ஆம் ஆண்டு பிப்ரவரி 11ஆம் நாள், நுரையீரல் நோயால் 76ஆவது வயதில் ஷிமுரா காலமானார்.

'இகிரு' மறையவில்லை. 2022இல் கசுவோ இஷிகுரோவின் திரைக்கதையில் 'லிவிங்' என்று இங்கிலாந்தில் மீண்டும் எடுக்கப்பட்டது. ஷிமுரா ஏற்ற வேடத்தில் நடித்த பில் நைகி ஆஸ்கார் விருதுக்குப் பரிந்துரைக்கப்பட்டார்.

நமக்கு என்ன பாடம்?

ஷிமுராவின் வாழ்க்கையும் அவர் நடித்த வத்தானாபேவின் வாழ்க்கையும் இரண்டு வழிகளைக் காட்டுகின்றன. ஒருவர் அலுவலக வேலையை இழந்து கலைக்குப் போனார். மற்றவர் அலுவலக நாற்காலியிலேயே இருந்து ஒரு மைதானத்தைக் கட்டினார். எந்த வழி சிறந்தது என்று படம் சொல்லவில்லை. நானும் சொல்லத் துணியமாட்டேன். ஆனால் மூன்றாவது ஒரு வழியும் இருக்கிறது: சபதம் செய்துவிட்டு மறுநாள் கோப்புக்குப் பின்னால் மறைவது. அதுதான் எளிது. அதில்தான் நம்மில் பெரும்பாலோர் நடக்கிறோம்.

"இவர் கதாநாயகனா?" என்ற கேள்விக்கு இப்போது பதில் சொல்கிறேன். கிடைத்த வேடம் எத்தனை நிமிடம் என்று கணக்குப் பார்க்காமல், அந்த நிமிடத்தில் முழுதாக இருந்தவர். விறகுவெட்டியோ, பல் மருத்துவரோ, அந்தக் காட்சி அவரால் நின்றது. ஒரு கழகமும் அப்படித்தான் நிற்கிறது. தலைவர் உரை ஆண்டுக்கு ஒருமுறை. நாற்காலி அடுக்குபவரும், பிழை திருத்துபவரும், பள்ளிக்குப் போய்ப் பிள்ளைகளுக்குக் கதை வாசிப்பவரும் ஆண்டு முழுவதும்.

விடுமுறையில் வீட்டுக்குப் போனபோது அப்பாவோடு உட்கார்ந்து 'இகிரு' பார்த்தேன். தாய்மார்களைச் சுற்றவிடும் காட்சியில் அவர் சத்தமாகச் சிரித்தார். ஊஞ்சல் காட்சியில் ஒன்றும் பேசவில்லை. படம் முடிந்து நெடுநேரம் கழித்து, "எங்க ஆபிஸ்லயும் ஒரு வாய்க்கால் மனு ரொம்ப நாளா கெடக்குய்யா" என்றார். அரசாங்க வேலை மனுவைப் பற்றி அன்று அவர் கேட்கவில்லை.

இரண்டு வாரம் கழித்து நானே தொலைபேசியில் கேட்டேன். அந்த வாய்க்கால் மனு அடுத்த பிரிவுக்குப் போய்விட்டதாம். ஆனால் இம்முறை அனுப்பியதோடு விடவில்லை. தானே கொண்டுபோய்க் கொடுத்தாராம். "நாளைக்கும் போய்க் கேப்பேன்" என்றார்.

கழகத்தின் வாசிப்புப் பட்டறைத் தீர்மானக் கோப்பை நானும் திறந்திருக்கிறேன். முதல் அமர்வுக்கு ஒரு தமிழ்ப்பள்ளியில் இடம் கேட்டிருக்கிறோம். நாற்காலி அடுக்க ஆள் தேவை. வருகிறீர்களா?